எல்லைத் துணியின் இடது ஓரம்

என்னைக் கோபக்காரி என்பார்கள். கோபம் வராமல் என்ன செய்யும்? ஒரு தோட்டத்து அழுக்கு முழுவதும் என் கையில்தான் வந்து விழுகிறது. யார் வீட்டில் என்ன நடக்கிறதென்று எனக்குத் தெரியாமல் போகாது, தெரிந்தால் என் வாய் சும்மா இருக்காது. ஜோகூரில், லாபிஸிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் புதுக்காட்டு ரப்பர்த் தோட்டத்தில் நானும் என் வீட்டுக்காரர் ஐயாசாமியும்தான் டோபி. அவர் வெளுப்பார், நான் குறி போடுவேன். அவர் ஒரு நாளைக்கு நாலு வார்த்தை பேசினால் அதிகம். மீதியை நான் பேசிவிடுவேன்.

குறி என்றால் என்னவென்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பிறகு விளங்காது. சேங்கொட்டையை ஊசியால் குத்தினால் கறுப்பாக ஒரு பால் கசியும். அதைத் துணி ஓரத்தில் தொட்டு வைத்து, மேலே சுண்ணாம்பைத் தடவினால் குறி ஏறிவிடும். துணி கிழிந்து கந்தலானாலும் அது போகாது. துரை பங்களாவுக்கு ஒரு வட்டம், கணக்கெழுதுகிற கிராணி வீட்டுக்கு இரண்டு கோடு, இப்படி வீட்டுக்கு ஒன்று. எங்கள் வீட்டுக்கு மூன்று புள்ளியும் ஒரு கவட்டையும். அந்தப் பால் தோலில் பட்டால் கொப்பளித்துவிடும். என் வலது கையைப் பார்த்தாலே நான் யாரென்று தெரிந்துபோகும்.

காளியம்மன் கோயில் எல்லைத் துணியும் எங்கள் வேலைதான். சித்திரைத் திருவிழாவுக்குக் காப்புக் கட்டும் அன்று, மஞ்சளில் நனைத்துக் காயவைத்த பெரிய துணியில் தோட்டத்தை வரைந்து ஆத்தாவுக்கு எதிரே கட்டுவோம். எதைக் காக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரிய வேண்டாமா? தோட்டத்து ஆபீசிலும் ஒரு படம் தொங்குகிறது. பச்சைக் கட்டம், மஞ்சள் கட்டம், உள்ளே ஏதேதோ எண்கள். அதில் நாங்கள் குடியிருக்கும் லயமும் இல்லை, கிணறும் இல்லை. கிராணியிடம் கேட்டேன். "அது கித்தா மரத்துக்கான படம்மா," என்றார். எங்கள் துணியில் ஒரு ரப்பர் மரம் கிடையாது. கிணறு, ஓடை, பிள்ளைகளை விட்டுப்போகும் ஆயாக் கொட்டகை, வீடு வீடாகச் சலவைக் குறி, அவ்வளவுதான். எல்லாம் ஆத்தா உட்கார்ந்த இடத்திலிருந்து பார்க்கிறபடி. அவள் கிழக்கே பார்ப்பதால் கிழக்குத்தான் மேலே. இடது கைப் பக்கம் லாபிஸுக்குப் போகும் மண்பாதை, வலது கைப் பக்கம் ஓடை. அவள் முதுகுக்குப் பின்னால் இருப்பதைத் துணியின் பின்பக்கம் வரைய வேண்டும். பின்னால் இருப்பது இடுகாடு. அங்கே படுத்திருப்பவர்களுக்கும் குறி உண்டு. அதில் ஒன்று என் மகன் சின்னத்தம்பியினுடையது.

துணி ஏறிவிட்டால் காப்பு அவிழ்க்கும்வரை ஒருவரும் எல்லை தாண்டி வெளியே போகக் கூடாது. தாண்டினால் காவல் உடைந்து போகும். எல்லைக்குள் சாவும் விழக் கூடாது. விழுந்தால் தீட்டு, திருவிழா அந்த இடத்திலேயே நிற்கும். இரண்டு வருஷத்துக்கு முன்னால் தப்படிக்கிற தங்கராஜு காப்புக் காலத்தில் லாபிஸுக்குப் போய்விட்டு வந்தான். அந்த மாதமே காய்ச்சல் வந்து லயத்துப் பிள்ளைகளை அள்ளிக்கொண்டு போயிற்று. என் சின்னத்தம்பியும் போனான். தங்கராஜு மேல் மண்ணை வாரித் தூற்றியவள் நான்தான். அவன் வாசலில் நின்று நான் போட்ட சத்தம் ஆபீஸ்வரை கேட்டதாம். அன்றைக்கு நான் மனசார நம்பித்தான் அதைச் செய்தேன். ஆத்தாவை இன்றைக்கும் நம்புகிறேன். அதில் யாருக்கும் சந்தேகம் வேண்டாம்.

ஜோகூர்க் கடலில் பாலம் போட்டுச் சிங்கப்பூருக்கு ரயில் விட்டதற்கு மறுவருஷம் நடந்தது இது. காலையில் காப்புக் கட்டினார்கள், துணி ஏறியது. வீட்டுக்கு வந்து கஞ்சியை வாயில் வைக்கவில்லை, மண்பாதைப் பக்கமிருந்து "அத்தை! அத்தை!" என்று ஒரு குரல். என் மாப்பிள்ளை லெட்சுமணன். கெனுவாங் பக்கம் ரயில் தண்டவாளத்தில் வேலை. என் மகள் செல்லத்துக்குத் தலைப்பிரசவம். அடுத்த மாதம்தான் நாள், திருவிழா முடிந்ததும் அழைத்து வரலாம் என்றிருந்தேன். ஓடிப்போய்ப் பார்த்தால் எல்லைக் கம்பத்தில் வேப்பங்கொத்து ஆடுகிறது, அதற்கு அந்தப் பக்கம் மாப்பிள்ளை மூச்சிரைக்க நிற்கிறார்.

"செல்லத்துக்கு நேத்தே வலி எடுத்திருச்சு அத்தை. சிகாமட் ஆஸ்பத்திரில சேத்திருக்கேன். பிள்ளை குறுக்கக் கெடக்காம். டாக்டர் கையை வெச்சுத் திருப்பணுமாம். இவ யாரையும் தொட விடமாட்டேங்கறா. அம்மா வரட்டும், அம்மா வரட்டும்னு ஒரே பிடிவாதம். இன்னிக்குள்ள ஆகலேன்னா ரெண்டு உசுருக்கும் ஆபத்துன்னு ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர் சொல்லிட்டாரு."

"உள்ள வாங்க மாப்பிள்ளை, ஒரு வாய் தண்ணி குடிங்க."

"உள்ள வந்தா வெளிய விடமாட்டாங்களே அத்தை. அவ தனியாக் கெடக்கறா." அவருக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "நான் லாபிஸ் ஸ்டேசன்ல நிக்கறேன். சாயங்காலந்தான் அடுத்த ரயிலு, அதுக்கு எப்படியாச்சும் வந்துருங்க."

இரண்டு எட்டு வைத்தால் அவர் கையைப் பிடித்திருக்கலாம். கால் எழவில்லை.

நேராகக் கங்காணியிடம் ஓடினேன். ஆட்களை வேலை வாங்குகிற பெரிய கங்காணி சதாசிவம்தான் கோயிலுக்கும் பெரியவர். பந்தலில் தோரணம் கட்டுகிறவர்களை ஏவிக்கொண்டிருந்தார். நான் சொன்னதை எல்லாம் கேட்டார். கெட்ட மனிதர் இல்லை, முகம் வாடத்தான் செய்தது.

"ஒனக்கு நான் சொல்லணுமா வெள்ளையம்மா? தங்கராஜு தாண்டினப்ப நீ என்ன கேட்ட? பெத்த தாயே செத்தாலும் தாண்டலாமான்னு இந்தப் பந்தல்ல நின்னு கேட்டவ நீதான். இன்னிக்கு ஒன் பொண்ணுன்னதும் ஒரு நியாயமா? லயத்துல எத்தன பிள்ளைங்க இருக்கு, பாரு."

அப்படித்தான் கேட்டேன். ஒரு வார்த்தை மாறவில்லை. என் வாயே என் கழுத்தைப் பிடித்தது.

வீட்டுக்கு வந்தேன். உட்காரலாம் என்றால் தரை சுட்டது. கிணற்றுக்குப் போனேன், துவைக்கிற கல்லுக்கு வந்தேன், மறுபடி கிணற்றுக்குப் போனேன். துரையின் சட்டை ஒன்று வெளுத்துக் காய்ந்து கிடந்தது. அதை எடுத்து நனைத்து மறுபடியும் கல்லில் அடித்தேன். பொத்தான் தெறித்து ஓடைப் பக்கம் போய்விட்டது.

"ஒரு எடத்துல உக்காரு வெள்ளை," என்றார் என் வீட்டுக்காரர்.

"நீங்க உக்காருங்க! ஒங்களுக்கென்ன, கல்லு மாதிரி உக்காந்திருப்பீங்க. எம்பொண்ணு அங்க கெடந்து துடிக்கறா!"

அவள் அவருக்கும் பெண்தான். அது தெரியாமலா கத்தினேன்? யார் மேலாவது விழுந்து பிடுங்க வேண்டும்போல் இருந்தது, பக்கத்தில் இருந்தவர் அவர். போனால் என் மகள் பிழைப்பாள், லயத்துப் பிள்ளைகளுக்கு ஏதாவது ஆகும். போகாவிட்டால் லயம் பிழைக்கும், என் மகள் போய்விடுவாள். இரண்டு பக்கமும் யோசித்து யோசித்துத் தலை வெடித்தது. பொத்தானைத் தேடலாம் என்று ஓடையில் இறங்கினேன். நிமிர்ந்தால் எதிர்க்கரையில் புது லயம். அங்கே குடியிருக்கும் வேலாயி குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு அந்தக் கரையிலிருந்து இந்தக் கரைக்குத் தண்ணீரில் நடந்து வந்துகொண்டிருந்தாள்.

அப்போதுதான் பொறி தட்டியது. போன வருஷம் கம்பெனி எதிர்க்கரைக் காட்டை அழித்துப் புது லயம் கட்டியது. எல்லைக் கம்பங்கள் இந்தக் கரையிலேயே நின்றன, யாரும் நகர்த்தவில்லை. கங்காணி என்னைக் கூப்பிட்டு, "புது லயத்தையும் துணியில ஏத்திரு, போதும்," என்றார். ஏற்றினேன். அந்தக் கரைக்காரர்கள் காப்புக் காலம் முழுவதும் இப்படித்தான் ஓடையைத் தாண்டி வந்தார்கள், போனார்கள். ஆத்தா ஒன்றும் சொல்லவில்லையே! ஒரு பிள்ளைக்கும் தும்மல்கூட வரவில்லையே!

ஈரப் புடவையோடு மேலே ஏறி ஓடினேன். "ஏங்க, துணியில இருக்கிறதெல்லாம் ஆத்தா எல்லைதானே?"

"ஆமா."

"துணியில யாரு போடறது?"

"நீதான்." சொல்லிவிட்டு நிமிர்ந்தார். அதற்குள் நான் சேங்கொட்டை டப்பாவைக் கையில் எடுத்திருந்தேன். அதைப் பார்த்தார். நான் எத்தனை சண்டைக்குத் தயாராக நின்றேன் தெரியுமா?

"சுண்ணாம்ப மறந்துட்டுப் போறியே," என்றார்.

கோயிலில் பூசாரி சாப்பிட்டுவிட்டுத் தூணடியில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். நான் துணிக்குமுன் மண்டியிட்டு, கொட்டையைக் குத்தி, மண்பாதை முடிகிற இடத்தில் கையை வைத்தேன். அங்கிருந்து லாபிஸ் கடைத்தெரு. அதற்கப்பால் ரயில். ரயிலை எப்படி வரைவது என்று எனக்குத் தெரியாது. தெரிந்தது கொடிக்கயிறுதான். ஒரு நீளக் கயிறு இழுத்து, துணி காயப் போட்ட மாதிரி ஸ்டேசன்களை அதில் தொங்கவிட்டேன். லாபிஸ், தெனாங். அதற்குள் துணி தீர்ந்துவிட்டது! இடது ஓரம் வந்துவிட்டது. இன்னும் கெனுவாங் இருக்கிறது, சிகாமட் இருக்கிறது. வேறு வழியில்லாமல் கயிற்றைக் கீழ்ப்பக்கம் திருப்பி, ஓரத்தோடு ஓரமாக இறக்கிக் கொண்டுவந்தேன். அடி மூலையில் ஆஸ்பத்திரி. அதை நான் கண்ணால் பார்த்ததில்லை. ஒரு நீளக் கட்டடம் போட்டு, உள்ளே கட்டில் கட்டிலாகக் கோடு இழுத்து, ஒரு கட்டிலின் மேல் எங்கள் குறியைப் போட்டேன். மூன்று புள்ளி, ஒரு கவட்டை. அவசரத்தில் பால் விரலெல்லாம் வழிந்து எரிந்தது.

"ஆத்தா, நல்லாப் பாத்துக்க. இதுவும் ஒன் எல்லைதான். இங்க கெடக்கறது எம்பொண்ணு. ஒன்கிட்ட வராம நான் வேற யார்கிட்டடீ போவேன்?" என்றேன். ஆத்தாவை டீ போட்டுப் பேசியது அப்போது உறைக்கவில்லை.

சுண்ணாம்பு தடவிக்கொண்டிருக்கும்போது பூசாரி விழித்துவிட்டார். அவர் போட்ட கூச்சலில் பந்தலில் இருந்தவர்கள், லயத்தில் இருந்தவர்கள் எல்லாரும் வந்து கூடிவிட்டார்கள். கங்காணிக்கு முகம் சிவந்துவிட்டது. என்னோடு பேச்சுக் கொடுக்காமல் என் வீட்டுக்காரர் பக்கம் திரும்பினார்.

"ஐயாசாமி! இத இப்பவே வெளுத்துக் குடு."

"போகாதுங்க."

"என்னடா போகாது? நீ டோபிதானே?"

"டோபிங்கறதாலதான் சொல்றேன். சேங்கொட்டை போகாதுங்க." அன்றைக்கு அவர் பேச வேண்டிய நாலு வார்த்தைக்கு மேலேயே பேசிவிட்டார்.

"அப்ப அவுத்து எறிங்க அத!"

பூசாரி தலையைச் சொறிந்தார். "காப்புக் கட்டின துணிய நடுவுல அவுக்கக் கூடாதுங்களே."

கங்காணி என்னிடம் வந்தார். அடிப்பாரோ என்று நினைத்தேன், ஆனால் குரலைத் தாழ்த்தித்தான் பேசினார். "அடியே, போயும் போயும் ஆஸ்பத்திரியக் கொண்டாந்து எல்லைக்குள்ள வெச்சிருக்கியே. அங்க சாவு விழாத நாளு உண்டா? எல்லைக்குள்ள ஒரு சாவு விழுந்தா நம்ம திருவிழா என்னாகும்? அத யோசிச்சியா?"

சத்தியமாக யோசிக்கவில்லை. ஆனால் என் வாய் என்னைக் கேட்டுக்கொண்டா திறக்கும்?

"அப்ப ஆத்தா காக்கட்டும்! அவ எல்லைக்குள்ள சாவு விழக் கூடாதுன்னா அவதானே ஓடியாடி நிக்கணும்? அங்க கெடக்கற அத்தன பேரையும் சேத்துக் காப்பாத்தட்டும். நான் வேணாம்னா சொன்னேன்?"

"தங்கராஜு பண்ணினதத்தான் இவளும் பண்றா," என்று கூட்டத்தில் ஒருத்தி முணுமுணுத்தாள்.

தங்கராஜு தப்பைத் தோளில் மாட்டியபடி கடைசியில் நின்றிருந்தான். இரண்டு வருஷமாக அவன் யார் கூடவும் முகம் பார்த்துப் பேசுவதில்லை. அன்று பேசினான். "நான் என்னா பண்ணினேன்னு ஒங்கள்ல யாராச்சும் கேட்டீங்களா? எங்கண்ணன் சீக்காளியாகி ஊருக்குக் கப்பலேறப் போனான். ரயிலு லாபிஸ்ல நிக்கற நேரத்துக்குள்ள மூஞ்சியப் பாக்கணும்னு ஓடினேன். சன்னல் வழியாக் கையப் புடிச்சேன். ரயிலு கெளம்பிருச்சு. அம்புட்டுத்தான் நான் பண்ணினது." பிறகு என்னைப் பார்த்தான். "நீங்க போங்கக்கா. ஒங்களுக்குத் துணியில இருக்கு."

என்னைத் தடுக்க அந்தக் கூட்டத்தில் யாருக்காவது உரிமை இருந்ததென்றால் அவனுக்குத்தான். எனக்கு முகமெல்லாம் பற்றி எரிந்தது.

"எதுக்கும் ஆத்தாகிட்டப் பூக் கேட்டுப் பாத்துரலாம்," என்று பூசாரி இழுத்தார்.

"நீங்க நிதானமாக் கேட்டுக்கிட்டு இருங்க. ரயிலு எனக்காக நிக்காது," என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன். யாரும் கையைப் பிடிக்கவில்லை. கங்காணிகூடப் பிடிக்கவில்லை.

வேப்பங்கொத்தைத் தாண்டும்போது கண்ணை இறுக்க மூடிக்கொண்டேன். லாபிஸ் ஸ்டேசனில் மாப்பிள்ளை நின்றார். ரயிலில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. எழுந்து கம்பியைப் பிடிப்பேன், பிறகு உட்காருவேன், பிறகு சன்னலில் தலையை நீட்டுவேன். எதிரே இருந்த சீனக் கிழவர் என் தொல்லை பொறுக்காமல் வேறு பெஞ்சுக்குப் போய்விட்டார். தெனாங் வந்தது, போனது. அதற்கப்புறம் ரயில் திரும்ப வேண்டும். என் துணியில் அங்கேதான் திருப்பியிருந்தேன். ரயில் திரும்பவில்லை! அது பாட்டுக்கு நேராகப் போகிறது. துணியை விட்டு வெளியே வந்துவிட்டேனே, எல்லை தாண்டிவிட்டேனே, லயத்துப் பிள்ளைகள் என்ன ஆகுமோ!

"மாப்பிள்ளை, ரயிலு திரும்பலியே! நிப்பாட்டச் சொல்லுங்க!"

அவர் பயந்துபோய் என் தோளைப் பிடித்து உட்காரவைத்தார். நான் துணி விஷயத்தைச் சொன்னதும், அழுகைக்கு நடுவிலும் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அது எந்தப் பக்கம் திரும்பினா என்ன அத்தை? சிகாமட்டுலதான போய் நிக்கும். ஆத்தாவுக்கு அது புரியாதா?" புரியும் என்று அவர் சொன்னதைப் பிடித்துக்கொண்டுதான் மீதி தூரம் போனேன்.

ஆஸ்பத்திரியில் செல்லம் வெளுத்துப்போய்க் கிடந்தாள். அடுத்த கட்டிலில் இருந்த ஒரு மெலிந்த பெண் கையை நீட்டி அவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். "ஏய், கண்ணத் தொற. ஒங்கம்மா வந்துட்டாங்க பாரு," என்றாள் அந்தப் பெண். எனக்குக் கட்டிப் பிடித்து அழத்தான் ஆசை. திட்டுத்தான் வந்தது.

"அடியே, டாக்டர் தொட்டா நீ என்ன தேஞ்சா போயிருவ? மானம் பாக்கற நேரமாடி இது? நான் தலமாட்டுல நிக்கறேன். என்னை மட்டும் பாரு. பிள்ளையப் பெத்துட்டு அப்பறம் எவ்வளவு வேணும்னாலும் அழு."

அவள் சிரித்த மாதிரி இருந்தது. பிறகு வெள்ளை உடுப்பு நர்ஸ் மிஸிகள் வந்து திரையை இழுத்தார்கள். என் கொப்பளித்த விரல்களை அவள் பிடித்த பிடியில் தோல் கையோடு வந்துவிட்டது. கத்தினது அவளா நானா என்று தெரியவில்லை. விளக்கேற்றும் நேரத்துக்குப் பெண் குழந்தை பிறந்தது. இரண்டு உயிரும் தங்கியது. "ஆத்தா! என் ஆத்தா!" என்று தரையில் விழுந்து கும்பிட்டேன். கூட்டிக்கொண்டிருந்தவன் துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டான்.

அடுத்த கட்டில் பெண்ணின் பெயர் புஷ்பவள்ளி. பாலோ பக்கம் ஏதோ தோட்டம். அவள் குழந்தை பிறந்த அன்றே போய்விட்டது, அவளுக்குக் காய்ச்சல் இறங்கவே இல்லை. இரண்டு நாளாகச் செல்லத்துக்குத் தண்ணீர் கொடுத்ததும் தைரியம் சொன்னதும் அவள்தான். அவளைப் பார்க்க ஒருவரும் வரவில்லை. அவள் புடவையை நானே குழாயடியில் துவைத்துப் போட்டேன். எந்தக் கையும் குறி போடாத புடவை. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"ஒம்புருசன் எங்க போய்த் தொலைஞ்சான்? ஒங்கம்மா இல்லியா? மனுசங்களா அவங்க?"

"இருக்காங்கம்மா. எங்க தோட்டத்துல காப்புக் கட்டியிருக்காங்க. காப்புக் கட்டறதுக்கு மொத நாளு என்னைக் கொண்டாந்து விட்டாங்க. இப்ப அவங்க வர முடியாதில்ல?" என்றாள். குறையாகச் சொல்லவில்லை. மழை பெய்தால் மரத்தில் பால் வெட்ட முடியாது என்று சொல்கிற மாதிரி சொன்னாள்.

எனக்கு அங்கே நிற்க முடியவில்லை. வாசலுக்குப் போனேன், திரும்பி வந்தேன். அவளிடம் எல்லைத் துணியைப் பற்றிச் சொன்னேன். கொடிக்கயிற்று ரயில், ஓரத்தில் திரும்பியது, மூலையில் கட்டில் கட்டிலாகக் கோடு இழுத்தது எல்லாம் சொன்னேன். கண்ணை விரித்துக் கேட்டாள்.

"அப்ப நான் ஒங்க ஆத்தா எல்லைக்குள்ளயா இருக்கேன்?"

"இருக்க. செல்லத்துக்கு அடுத்த கட்டிலு நீதான்."

"நல்லாருக்கே," என்று சிரித்தாள்.

எங்கள் தோட்டத்தில் காப்பு அவிழ்க்கிறதற்கு முந்தின நாள் விடியற்காலையில் அவள் இறந்துபோனாள். நான்தான் கண்ணை மூடிவிட்டேன். துவைத்துக் காயப்போட்டிருந்த புடவையை நான்தான் போர்த்தினேன். ஆஸ்பத்திரி ஆட்கள் வண்டியில் வைத்துக் கொண்டுபோய்ப் புதைத்தார்கள். வழியனுப்ப அழுதது நானும் செல்லமும்தான்.

காப்பு அவிழ்க்கும் அன்று துணியை இறக்க டோபி வேண்டும். செல்லத்தை மாப்பிள்ளையிடம் விட்டுவிட்டுக் கிளம்பினேன். "அம்மா, அங்க போயிச் சாவு விழுந்துச்சுன்னு சொல்லாத," என்றாள் செல்லம். "திருவிழா நின்னு போகும். கங்காணி ஒன்ன லேசுல விடமாட்டாரு. அந்த அக்கா யாருன்னு அங்க யாருக்குத் தெரியப் போகுது?" சரியென்று தலையாட்டினேன். வழியெல்லாம் 'யாரும் சாகவில்லை' என்று சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தேன். நாக்குக்கு அது சுலபமாகத்தான் இருந்தது.

லயத்தில் நுழைந்ததும் முதலில் பிள்ளைகளை எண்ணத்தான் கண் ஓடியது. எல்லாம் புழுதியில் உருண்டுகொண்டிருந்தன. ஒன்றுக்கும் ஒன்றும் ஆகவில்லை. கோயில்முன் மஞ்சள் நீர் கரைத்த பானைகள் வரிசையாக இருந்தன. தங்கராஜு தப்பை நெருப்பில் காய்ச்சிக்கொண்டிருந்தான். என் வீட்டுக்காரர் என் முகத்தைப் பார்த்தார். நான் தலையசைத்ததும் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"என்ன பிள்ளை?" என்றார் கங்காணி.

"பொம்பளப் பிள்ளைங்க. ரெண்டு பேரும் நல்லாருக்காங்க."

"ஆத்தா புண்ணியம்." நிஜமாகவே அவருக்குச் சந்தோஷம்தான். பிறகு எல்லாரும் எதற்காகக் காத்திருந்தார்களோ அதைக் கேட்டார். "அங்க... சாவு கீவு எதுவும்...?"

'இல்லை' என்று சொல்ல வாயைத் திறந்தேன். எதிரே துணி தொங்கியது. இடது மூலையில் நான் இழுத்த கட்டில் கோடுகள். எங்கள் குறிக்குப் பக்கத்துக் கட்டில் வெறுமையாக இருந்தது.

"விழுந்திச்சு," என்றேன். "ஒரு பொண்ணு. செல்லத்துக்கு அடுத்த கட்டிலு. எம்பொண்ணு கையப் புடிச்சு உசுரக் காப்பாத்தி வெச்சவ."

கூட்டம் சலசலத்தது. மஞ்சள் நீர்ப் பானையைத் தூக்க இருந்த பெண்கள் கையை எடுத்துவிட்டார்கள். கங்காணி பல்லைக் கடித்தார். "வெளங்காதவளே, அவ நம்ம தோட்டத்து ஆளா? எந்த ஊரோ என்னமோ. நமக்கு என்னா தீட்டு? கணக்குல சேராது, விடு."

"அவ தோட்டத்துல காப்புக் கட்டியிருக்காங்க. அந்தக் கோட்டுக்கு வெளிய கெடக்கறான்னு பெத்தவ வரல, புருசன் வரல. நம்ம கோட்டுக்குள்ள செத்தா. இப்ப நாமளும் இல்லேன்னா, அவ எங்கதாங்க இருந்தா?" கோபம் எல்லாம் போய் அழுகைதான் வந்தது. "சொல்லுங்க. எங்க இருந்தா?"

கங்காணி துணியின் மூலையைக் குனிந்து பார்த்துக்கொண்டே நின்றார்.

"பேரென்னக்கா?" என்றான் தங்கராஜு.

"புஷ்பவள்ளி."

அவன் தப்பை எடுத்தான். காப்பு அவிழ்க்கும் நாளில் ஆட்டத்துக்கு அடிக்கிற அடி ஒன்று இருக்கிறது, அதற்காகத்தான் காய்ச்சி வைத்திருந்தான். அதை அடிக்கவில்லை. சாவுக்கு அடிக்கிற அடியை அடித்தான். கங்காணி தோளில் இருந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டு, "பானையெல்லாம் ஓரமா வைங்க. மஞ்சத் தண்ணி நாளைக்குப் பாத்துக்கலாம்," என்றார். பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்கள்.

அடி ஓய்ந்ததும் நானும் என் வீட்டுக்காரரும் துணியை இறக்கினோம். அவர் டப்பாவை எடுத்து வந்திருந்தார், சுண்ணாம்பும் கொண்டுவந்திருந்தார். துணியைப் பின்பக்கம், இடுகாட்டுப் பக்கம், திருப்பித் தரையில் விரித்தேன். சின்னத்தம்பி குறிக்குப் பக்கத்தில் இடம் இருந்தது. அவளுக்கென்று ஒரு வீட்டுக் குறி எனக்குத் தெரியாது. எங்கள் குறியையே போட்டேன்.